நாலு வரை

விமானம் இல்லை என்று குறுஞ்செய்தி வந்தபோது
நிமலரூபன் பூப்போட்ட சட்டைக்குள் புகுந்துவிட்டிருந்தார்.
விலைச்சீட்டு பிடரியில் ஆடியது.
வின்னிபெக்கில் மைனஸ் முப்பத்தொன்று.
தெரு எங்கே முடிகிறது
வானம் எங்கே தொடங்குகிறது என்று
பனி ஒருவருக்கும் சொல்லவில்லை.
புன்டா கானாவில், கடலைப் பார்த்தபடி,
எங்கள் பேரில் இரண்டு சாய்கதிரைகள்
சும்மா வெயில் காயும் இன்றைக்கு.

"அழாதேங்கோ, இங்கேயே கலக்குவோம்" என்றேன்.
அழுதது நான்தான். அதை விடுங்கள்.

அன்னாசிச் சாறு ஒரு பேணி.
தேசிக்காய் நாலு, ஒன்று கல்லு.
இரண்டு டொலர்ப்படி வாங்கி
மறந்தே போன மூன்று பாஷன் பழங்கள்,
தோல் சுருங்கி, வெட்டினால்
தவளை முட்டைபோல் மஞ்சளாய் வழிந்து,
அறை முழுக்க திடீரென்று
ஒரு மத்தியானம்.
ரம்?
கிறிஸ்மஸ் கேக்குக்கு முந்திரிகைவத்தல் ஊறப்போட்டதில்
இரண்டு விரற்கடை மிச்சம்.

குலுக்குகிற பாத்திரம் எங்கள் வீட்டில் ஏது.
ஊறுகாய்ப் போத்தலை மூன்று தரம் கழுவினேன்.
கழுவினது மூன்று தரம்தான்.
முதல் மிடறில் கடலும் இல்லை கரையும் இல்லை,
கலியாணவீட்டுப் பந்தியின் கடைசி வாழையிலை.
நிமலரூபன் விழுங்கினார்,
"பரவாயில்லை" என்றார்,
பதினெட்டு வருடமாய் என் எல்லாச் சமையலுக்கும்
சொல்லும் அதே குரலில்.

எதிர்க்கதவைத் தட்டினேன்.
டெரிக் மூன்சாமி, பேருந்து ஓட்டுகிறவர்,
கயானாவில் பிறந்தவர்.
தபால்பெட்டியில் அந்தப் பெயரை
குடிவந்த அன்றே முனுசாமி என்று
மனசுக்குள் திருத்தி வைத்திருந்தேன்.
அவருக்கு அது நிலாவும் சாமியும்.
"நிலாச்சாமி" என்று தன்னையே கேலி செய்வார்.

பூட்ஸைக்கூடக் கழற்றாமல் வந்தார்,
கையில் கறுத்த தேன் நிறத்தில் ஒரு போத்தல்.
என் ஊறுகாய்ப் போத்தலைப் பார்த்தார்,
ஒன்றும் சொல்லவில்லை, ஓரமாய் நகர்த்தினார்.
சூப் சட்டியைக் கேட்டார்.
பிள்ளையின் இருமல் மருந்து அளக்கும்
பிளாஸ்டிக் மூடியை எடுத்தார்.

தேசிப்புளி ஒரு மூடி.
"ஒண்ணு."

என் கை சாதிக்காயோடு அப்படியே நின்றது.

சீனிப்பாகு. "ஒண்ணு, ரெண்டு."
ரம். "ஒண்ணு, ரெண்டு, மூணு."
பழச்சாறு. ஒவ்வொரு மூடிக்கும் தலையை ஆட்டி
"நாலு" வரை வந்து நிறுத்தினார்.
எங்கள் ஊர் ஒண்டு இல்லை அது.
எங்கள் மூண்டும் இல்லை.
வேறு துறைமுகத்தில் ஏறின எண்கள்.

"இது என்ன பாஷை, டெரிக்?"
"பன்ச் எண்ணுகிற பாஷை" என்றார்.
"வீட்டில் ரம் கலக்கும்போது மட்டும்தான் பேசுவோம்."
"நாலுக்குப் பிறகு?"
"நாலுக்குப் பிறகு பன்ச்சில் ஒன்றுமில்லையே."

எந்தக் கப்பல், எந்த ஊர்,
எத்தனை தலைமுறை வெட்டிய கரும்பு என்றெல்லாம்
வாய்வரை வந்தது.
கேட்கவில்லை.
ஐஸ் வேண்டியிருந்தது.

நிமலரூபன் சோற்றுப்பானையோடு பால்கனிக்குப் போய்
அள்ளி வந்தார், பூச்சட்டையோடேயே,
மீசையில் உறைபனி.
சட்டிக்குள் பனி விழுந்த சத்தம்
சூடான கல்லில் மழை மாதிரி.

மேலே சாதிக்காயைத் துருவினேன்.
"அஞ்சு" என்றேன், டெரிக்கைப் பார்த்து.
"அஞ்...?"
"அஞ்சு."
உதட்டுக்குள் உருட்டிப் பார்த்தார்,
விதையா சதையா என்று தெரியாத பழத்தைப்போல.

குடித்தோம்.
புளிப்பு முதலில் காதுக்குப் பின்னால் கிள்ளியது,
பிறகு அன்னாசி, பிறகு புகை,
பிறகு வயிற்றில் யாரோ
மெதுவாகக் கதவைச் சாத்தி
அடுப்பு மூட்டினார்கள்.
சன்னலுக்கு வெளியே பனி அள்ளும் வண்டி
மஞ்சள் விளக்கோடு ஒருமுறை போய்வந்தது.

இரண்டாவது சட்டிக்கு டெரிக் ரம்மை எடுத்தார்.
ஒண்ணு, ரெண்டு, மூணு,
நாலு,
அஞ்சு.

பிழைதான்.
ஒருவரும் திருத்தவில்லை.